வேகம் விழும் மாதங்கள்

நிமிடத்துக்கு 45 சொல் அடிக்கிற ஒருவரை வேறு விசைப்பலகைக்கு முன்னால் உட்காரவைத்தால், முதல் வாரம் எட்டுச் சொல் வந்தாலே பெரிது. அடுத்த வாரம் இன்னும் மோசமாகும். புதியது கைக்கு வந்திருக்காது, பழையது குழம்பிப்போயிருக்கும். அதன்பிறகுதான் மெல்ல ஏறும். பழைய வேகத்தைத் தொட இரண்டு மாதம் ஆகும், சிலருக்கு மூன்று. தட்டச்சு சொல்லிக்கொடுக்கிற எல்லோருக்கும் இது தெரியும். ஐடி கம்பெனிகளில் ‘அப்ஸ்கில்லிங்’, ‘ரீஸ்கில்லிங்’ என்று பேசுகிறவர்களுக்குத் தெரியுமா என்பதில்தான் எனக்குச் சந்தேகம். என்ன பாடம், எத்தனை மணி நேரம், சான்றிதழ் உண்டா என்பதையெல்லாம் விலாவாரியாகச் சொல்வார்கள். அந்த இரண்டு மூன்று மாதம் வீட்டில் உலை எப்படிக் கொதிக்கும் என்பதை மட்டும் சொல்ல மாட்டார்கள்.

நான் திருவேங்கடத்தில் டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட் நடத்துகிறேன். அங்கேயே படித்து, மாஸ்டருக்கு உதவியாக நின்று, அவர் ஓய்ந்தபின் பொறுப்பை எடுத்துக்கொண்டவள். கம்ப்யூட்டர், ஜெராக்ஸ், டிடிபி, ஆன்லைன் விண்ணப்பம் என்று போர்டில் வரிகள் கூடிக்கொண்டே வந்திருக்கின்றன. மேலே இருக்கிற ‘தட்டச்சு – சுருக்கெழுத்து’ என்ற வரியை மட்டும் அழிக்க மனசு வரவில்லை, சுருக்கெழுத்து கேட்டு ஆள் வந்து எத்தனையோ காலம் ஆனாலும்.

சங்கரன்கோவிலுக்கும் சிவகாசிக்கும் கோவில்பட்டிக்கும் பஸ் பிரிகிற ஊர் இது. சுற்றிலும் கரிசல். மழை பெய்தால் பருத்தி, உளுந்து, மக்காச்சோளம். பெய்யாவிட்டால் தீப்பெட்டி ஆபீஸ். 2019 நவம்பரில் திருநெல்வேலியைப் பிரித்து எங்களைத் தென்காசி மாவட்டத்தில் சேர்த்தார்கள். அதனால் இன்ஸ்டிடியூட்டுக்கு வந்த மாற்றம், ரப்பர் ஸ்டாம்பில் மாவட்டத்தின் பெயரை மாற்றியதுதான்.

காலை ஆறு மணி பேட்ச் முழுக்கப் பெண்பிள்ளைகள். தீப்பெட்டி ஆபீஸ் வேன் வருவதற்குள் ‘ஏஎஸ்டிஎஃப்ஜிஎஃப்’ ஒரு பக்கம் அடித்துவிட்டு ஓட வேண்டும். தமிழ் படிக்கிறவர்களுக்கு ‘யளனகபக’. ஹார்ன் சத்தம் கேட்டதும் பாதி வரியில் தாளை உருவிக்கொண்டு கிளம்பிவிடுவார்கள். வீட்டில் இருந்து பெட்டி ஒட்டுகிற பிள்ளைகள் சற்றுப் பொறுத்து வருவார்கள். விரல் இடுக்கில் பசை காய்ந்திருக்கும், விசையில் ஒட்டும். அதற்காகவே ஜன்னலில் எப்போதும் ஓர் ஈரத்துணி கிடக்கும். நானும் அந்தத் துணியில் விரல் துடைத்தவள்தான்.

பெட்டி ஒட்டுவதற்குக் குரோஸ் கணக்கில் கூலி. 144 பெட்டி ஒரு குரோஸ். மிஷின் முன்னால் ஒரு மணி நேரம் உட்கார்ந்தால் அத்தனை பெட்டி குறையும், அத்தனை காசு குறையும். பாதியில் நின்றுபோனவர்களை நினைத்துப் பார்க்கிறேன். மந்தமானவர்கள் அவர்களில் குறைவு. நல்ல விரல் உள்ளவர்கள்தான் அதிகம் நின்றிருக்கிறார்கள், ஏனென்றால் நல்ல விரல் உள்ளவள்தான் வீட்டிலும் அதிகம் ஒட்டுவாள், அவளை ஒரு மணி நேரம் விட வீட்டுக்கு மனசு வராது. ஃபீஸைக் குறைத்துப் பார்த்தோம், ஒன்றும் பெரிதாக மாறவில்லை. ஃபீஸைவிட அந்த ஒரு மணி நேரக் கூலிதான் வீட்டுக்குப் பெரிதாக இருந்தது.

டைப்ரைட்டர் இன்னுமா இருக்கிறது என்று வெளியூர்க்காரர்கள் கேட்பார்கள். இருக்கிறது. கோத்ரெஜ் மிஷின் செய்வதை நிறுத்திப் பல வருஷமாயிற்று, ரிப்பேர் பார்க்கிறவரைத் தேடிப்பிடிப்பது பெரும்பாடு. ஆனால் டிஎன்பிஎஸ்சி குரூப் 4-இல் தட்டச்சர் வேலைக்குப் போக, தொழில்நுட்பக் கல்வி இயக்ககம் நடத்துகிற தட்டச்சுத் தேர்வில் தேறியிருக்க வேண்டும். ஆங்கிலத்தில் ஜூனியருக்கு நிமிடத்துக்கு 30 சொல், சீனியருக்கு 45. தேர்வு வந்தால் மிஷின்களை லோடு வண்டியில் ஏற்றி, வைக்கோல் வைத்து அணைகொடுத்து, சென்டருக்குக் கொண்டுபோவோம். வேலை கிடைத்தபின் அந்தப் பிள்ளை டைப்ரைட்டரைத் தொடப்போவதே இல்லை. கம்ப்யூட்டருக்கென்று சிஓஏ சான்றிதழையும் தனியாக வாங்கியாக வேண்டும். இதைச் சிலர் கேலி செய்வார்கள். எனக்கென்னவோ, மிஷினில் பிழையை அழிக்க முடியாது என்பதே ஒரு படிப்பு என்று தோன்றும்.

இந்தத் தொழிலில் இருந்துகொண்டு எத்தனையோ பேர் ஒரு வேலையில் இருந்து இன்னொன்றுக்கு மாறுவதைப் பார்த்திருக்கிறேன். அச்சுக்கோர்க்கிறவர், தட்டச்சர், கணக்குப்பிள்ளை, பத்திர எழுத்தர், இப்போது சாப்ட்வேர் டெஸ்டர். என் கணக்கில் இவர்கள் எல்லோரும் ஒரே சாதி. யாரோ சொன்னதை வாங்கி, ஒரு வடிவத்துக்குள் பிழையில்லாமல் வைக்கிறவர்கள்.

முதலில் வந்தவர் ஒரு கம்பாசிட்டர். சிவகாசியில் அச்சகத்தில் இருந்தவர், பக்கத்துக் கிராமத்துக்காரர். 1990-களில் டிடிபி வந்து ஈய எழுத்துக்கு வேலை இல்லாமல் போனபோது, நாற்பதைத் தாண்டிய வயதில் எங்களிடம் பேஜ்மேக்கர் கற்றுக்கொள்ள வந்தார். நாங்கள் எல்லோரும் அவரை அண்ணாச்சி என்போம். அவர் என்னைத் தாயி என்பார்.

ஈய எழுத்து கண்ணாடியில் பார்ப்பதுபோல் திரும்பியிருக்கும். அதை இடது கையில் பிடித்த ஸ்டிக்கில் தலைகீழாக அடுக்கிக்கொண்டே போக வேண்டும். வலது கை, கேஸ் என்கிற எழுத்துப் பெட்டியில் இருந்து எழுத்தைப் பொறுக்கும். எந்த அறையில் எந்த எழுத்து என்று பார்ப்பதே இல்லை. அந்தக் கைதான் கீபோர்டு முன்னால் வந்து நின்றுபோனது. ஒரு விரலைத் தூக்கிவைத்துக்கொண்டு எழுத்தைத் தேடுவார். “தாயி, அங்க எழுத்து எங்க இருக்குன்னு கைக்குத் தெரியும், கண்ணுக்கு வேலை இல்ல. இங்க கண்ணு தேடுது, கை சும்மா கெடக்கு” என்றார் ஒருநாள்.

அவர் சொல்லித்தான் 1978 கதை எனக்குத் தெரியும். எம்ஜிஆர் அரசு எழுத்துச் சீர்திருத்த ஆணை போட்டது. ணா, றா, னா, லை, னை என்று பதின்மூன்று எழுத்துகளின் வடிவம் மாறியது. கேஸில் சில அறைகள் காலியாகின. கை பழக்கத்தில் காலி அறைக்குப் போய்த் துழாவும், வெறுங்கையாகத் திரும்பும். வேகம் விழுந்தது. முதலாளி முனகினார், ஆனால் சம்பளத்தைக் குறைக்கவில்லை. கொஞ்ச காலத்தில் கை புது வழிக்கு வந்துவிட்டது. “அன்னைக்கு மாசச் சம்பளம். கை தடுமாறுனாலும் ஒண்ணாந்தேதி காசு வந்துரும். இப்ப நான் தடுமாறுறதுக்கு யாரு தருவா?” என்று கேட்டார். இத்தனை வருஷத்தில் இந்த விஷயத்தைப் பற்றி இதைவிட நறுக்கென்று யாரும் பேசிக் கேட்டதில்லை.

அண்ணாச்சிக்கு டைப்பிங் வேகம் வரவே இல்லை. வீட்டில் மனைவி பெட்டி ஒட்டுகிற காசில்தான் அந்த மாதங்கள் ஓடின, அதற்குமேல் தாங்கவில்லை. ஆனால் அவர் கண் போகவில்லை. நாங்கள் டிடிபியில் கல்யாணப் பத்திரிகை அடித்து பிரிண்ட் எடுத்தால், தாள் பிரிண்டரில் இருந்து முழுக்க வெளியே வருமுன் பிழையைச் சொல்லிவிடுவார். ‘திருவளர்செல்வி’யில் நடுவே ஒரு ‘ச்’ நுழைந்திருந்தால் வாசல் பெஞ்சில் இருந்தே தெரியும். தலைகீழாக வாசித்தே பழகியவருக்கு நேராக இருக்கும் எழுத்து எம்மாத்திரம்? எங்களுக்கும், சிவகாசியில் இரண்டு மூன்று டிடிபி கடைகளுக்கும் புரூப் பார்த்தே பிழைத்துக்கொண்டார். அவர் கற்றுக்கொள்ள வந்தது ஒன்று, விலைபோனது வேறொன்று. பயிற்சித் திட்டம் போடுகிறவர்கள் ஆளிடம் ஏற்கெனவே என்ன இருக்கிறது என்று முதல் நாளில் கேட்பதில்லை. வெற்றுப் பலகை என்று நினைத்துக்கொண்டு எழுத ஆரம்பித்துவிடுகிறார்கள்.

அடுத்த பெரிய மாற்றம் விசைப்பலகையில் வந்தது. 1999 பிப்ரவரியில் சென்னையில் தமிழ்நெட் 99 மாநாடு நடந்து, தமிழ்99 என்ற விசைப்பலகையை அரசு ஏற்றது. எங்கள் ஊருக்கு அது வந்துசேர ரொம்ப நாள் ஆயிற்று. அதுவரை கடைக்கு ஒரு எழுத்துரு. சிவகாசி அச்சகத்தில் அடித்த கோப்பை இங்கே திறந்தால் கம்பிக்கோடும் கேள்விக்குறியுமாக நிற்கும். 2010-இல் அரசு யூனிகோடை ஏற்று, அதன்பின் அரசு வேலைகள் ஒவ்வொன்றாக அதற்கு மாற ஆரம்பித்தபோதுதான் எங்கள் சீனியர் பாஸ் பிள்ளைகளுக்குத் தமிழ்99 சொல்லிக்கொடுக்க உட்கார்ந்தேன்.

‘பெட்டி’ என்ற ஒரு சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள், எங்கள் ஊருக்கு அதுதானே சோறு. டைப்ரைட்டரில் கண்ணுக்குத் தெரிகிற வரிசைதான் கைக்கும் வரிசை. முதலில் ஒற்றைக்கொம்பு, பிறகு ப. புள்ளிக்கு நகராத விசை. அதைத் தட்டினால் தாள் அப்படியே நிற்கும், அடுத்துத் தட்டுகிற ட அந்தப் புள்ளிக்குக் கீழே போய் விழும். அதன்பின் டி. தமிழ்99-இல் வாய் சொல்கிற வரிசை: ப, எ, ட, ட, இ. ட-வை இரண்டு முறை தட்டினால் முதல் ட-வுக்குப் புள்ளியை அதுவே வைத்துக்கொள்ளும். உயிரெழுத்து இடது கைக்கு, மெய் பெரும்பாலும் வலது கைக்கு. கற்றுக்கொண்டவருக்கு இது சொர்க்கம். சீனியர் பாஸ் செய்தவளுக்கு நரகம். அவள் விரல் கொம்பைத்தான் முதலில் தேடும். எ-யைத் தட்டிவிட்டுப் ப-வைத் தட்டுவாள். திரையில் ‘எபட்டி’ என்று வரும். அழிப்பாள். மறுபடி ‘எபட்டி’. எதுவுமே தெரியாமல் வந்த ஒன்பதாம் வகுப்புப் பையன் பக்கத்தில் உட்கார்ந்து தட்டுத்தடுமாறியாவது ‘பெட்டி’ அடித்துவிட்டுச் சிரிப்பான். மூன்று வருஷம் படித்துச் சான்றிதழ் வாங்கியவளுக்கு முகம் சுருங்கிப்போகும்.

பழையதை ஒரேயடியாக விட்டுவிட வேண்டும், இரண்டையும் கலந்தால் கை கெடும் என்பார்கள் விவரமானவர்கள். கைக்கு அது சரி, வயிற்றுக்குச் சரிப்படாது. ஜாப் டைப்பிங் செய்து நாளுக்கு இவ்வளவு என்று வாங்குகிறவளை, இரண்டு மாதம் பழையதைத் தொடாதே என்று சொல்ல நான் யார்? மத்தியானம் வரை பழைய முறையில் கூலி வேலை, சாயந்திரம் அரை மணி நேரம் மட்டும் புதியது என்று வைத்தேன். தேற அதிக நாள் பிடித்தது. ஆனால் யாரும் நின்றுபோகவில்லை. எனக்கு அது போதும்.

சம்பளம் நிற்காவிட்டால் மனிதர்கள் எவ்வளவு வேகமாகப் படிப்பார்கள் என்பதை 2017-இல் பார்த்தேன். அந்த வருஷம் ஜூலை 1-ஆம் தேதி ஜிஎஸ்டி வந்தது. தீப்பெட்டியில் ஒரு தனிச் சிக்கல். கையால் செய்ததற்கு 5 சதவீதம், இயந்திரத்தில் செய்ததற்கு 18. (2020 ஏப்ரலில்தான் இரண்டையும் 12 ஆக்கினார்கள்.) எங்கள் சுற்றுவட்டாரத்தில் பாதி வேலை கையாலும் பாதி இயந்திரத்தாலும் நடக்கிற ஆபீஸ்கள் உண்டு. எந்தப் பில்லில் எந்த வரி என்று முதலாளிகளுக்குத் தலை சுற்றியது. பச்சை அட்டைப் பேரேட்டில் எழுதியே காலம் தள்ளிய கணக்குப்பிள்ளைகளை, அதிலே அறுபதை நெருங்கியவர்களும் உண்டு, வேலை நேரத்திலேயே எங்களிடம் டேலி படிக்க அனுப்பினார்கள். ஆபீஸ் வண்டியில் வந்து இறங்குவார்கள். ஒன்றாந்தேதி சம்பளம் வழக்கம்போல. டீக்காசும் ஆபீஸ் கணக்கு. மவுஸைப் பிடிக்கவே தெரியாமல் வந்தவர் தீபாவளிக்குள் ரிட்டர்ன் போட்டார். அண்ணாச்சியைவிட இவர்கள் புத்திசாலிகளா? இல்லவே இல்லை. அண்ணாச்சி தன் சோற்றைச் செலவழித்துப் படித்தார், இவர்கள் முதலாளியின் நேரத்தில் படித்தார்கள்.

பத்திர எழுத்தர்கள் வேறு வழி கண்டுபிடித்தார்கள். 2018 பிப்ரவரியில் பதிவுத்துறை ஸ்டார் 2.0 என்று ஆன்லைனுக்குப் போனது. சங்கரன்கோவில் பத்திர ஆபீஸ் வாசலில் காலமெல்லாம் கையால் எழுதிய பெரியவர்கள் கம்ப்யூட்டரைத் தொடக்கூட மாட்டேன் என்றார்கள். என்னிடம் படித்த பிள்ளைகளைச் சம்பளத்துக்கு எடுத்துக்கொண்டு பக்கத்தில் உட்காரவைத்தார்கள். பெரியவர் நான்கெல்லையைச் சொல்லச் சொல்லப் பிள்ளை அடிப்பாள். இரண்டு மூன்று வருஷத்தில் அந்தப் பிள்ளைக்கு சர்வே எண் உட்பிரிவும், வில்லங்கச் சான்றில் எங்கே பார்க்க வேண்டும் என்பதும் அத்துப்படி. எந்தச் சான்றிதழும் இல்லாமல், சம்பளம் வாங்கிக்கொண்டே படித்த படிப்பு அது. நான் நடத்துகிற எந்தக் கோர்ஸிலும் அவ்வளவு ஆழம் கிடையாது.

இதற்கு நடுவே 2011-இல் அரசு இலவச லேப்டாப் கொடுக்க ஆரம்பித்தது. கம்ப்யூட்டர் சென்டர்களுக்கு ஆள் குறையும் என்று தொழிலில் இருந்த எல்லோரும் பயந்தோம். குறையத்தான் செய்தது. ஆனால் லேப்டாப் வாங்கிய பிள்ளைகளில் நிறையப் பேர் மறுவருஷமே தீப்பெட்டி ஆபீஸ் வேனில்தான் ஏறினார்கள். இயந்திரம் வீட்டுக்கு வந்துவிட்டது, உட்கார்ந்து படிக்க நேரம் வரவில்லை.

எங்கள் மாவட்டத்தில் இன்னொன்றும் நடந்தது. ஜோஹோ 2011-இல் தென்காசிப் பக்கம் மத்தளம்பாறையில் ஆபீஸ் திறந்தது. அவர்கள் நடத்துகிற பள்ளியில் கல்லூரிப் பட்டம் கேட்பதில்லை. பிள்ளைகளைச் சேர்த்து சாப்ட்வேர் கற்றுக்கொடுத்து, படிக்கிற காலத்திலேயே மாதாமாதம் உதவித்தொகையும் தருகிறார்கள். பாடத்திட்டத்தைப் பற்றித்தான் எல்லோரும் வியந்து எழுதுகிறார்கள். நான் வியந்தது அந்த மாதத் தொகையைப் பார்த்து. ஒரு கூலி வீட்டில், பையன் படிக்கப்போனால் வருமானம் நிற்கும் என்ற பயத்தை அது எடுத்துவிடுகிறது. அரசுக்கும் இது தெரியாமல் இல்லை. 2022-இல் தொடங்கிய நான் முதல்வன் திட்டத்தில், ஐஏஎஸ் முதல்நிலைத் தேர்வுக்குப் படிக்கத் தேர்வாகிற ஆயிரம் பேருக்கு மாதம் 7,500 ரூபாய் கொடுக்கிறார்கள். கலெக்டராகப் படிக்கிறவருக்குச் சாப்பாட்டுக் காசு வேண்டும் என்று புரிந்திருக்கிறது. வேலை போன ஒருவர் முப்பத்தெட்டு வயதில் மறுபடி படிக்க உட்கார்ந்தால் அவருக்கு என்ன?

இந்தக் கேள்வியை எனக்குக் கொண்டுவந்தது என்னிடம் ஜூனியர் படித்த ஒரு தம்பி. சென்னையில் ஒரு கம்பெனியில் மேனுவல் டெஸ்டராகப் பத்து வருஷத்துக்குமேல் இருந்தவர். மற்றவர்கள் எழுதிய புரோகிராமைத் தட்டித் தட்டிப் பார்த்து, எங்கே உடைகிறது என்று சொல்கிற வேலை. அவருடைய புராஜெக்ட் முடிந்தது, பெஞ்சில் போட்டார்கள். வேலை இல்லாமல் சம்பளம் மட்டும் வாங்குகிற அந்தக் காலத்தை ஐடிக்காரர்கள் அவமானமாக நினைப்பார்கள். என் பார்வையில் பெஞ்ச்தான் இந்தியாவில் தொழிலாளிக்குக் கிடைத்த அருமையான படிப்பு விடுப்பு. அண்ணாச்சிக்கு அப்படி ஒன்று கிடைத்திருந்தால்!

இப்போது அந்தப் பெஞ்சும் சுருங்குகிறது. டிசிஎஸ் 2025 ஜூனில் கொண்டுவந்த விதிப்படி, ஓர் ஊழியர் வருஷத்தில் 225 நாள் வாடிக்கையாளர் வேலையில் இருக்க வேண்டும், 35 நாளுக்குமேல் பெஞ்சில் இருக்கக் கூடாது. அடுத்த மாதமே, மொத்த ஊழியர்களில் சுமார் 2 சதவீதம், அதாவது பன்னிரண்டாயிரத்துச் சொச்சம் பேரைக் குறைப்பதாக அறிவித்தது. நடுமட்டத்திலும் மேல்மட்டத்திலும் இருப்பவர்கள்தான் அதிகம் என்றும் சொன்னார்கள். ஒரு சீனியர் தட்டச்சர் தமிழ்99-க்கு மாறவே இரண்டு மாதம் ஆகிறது என்று நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். புரோகிராம் எழுதாத ஒருவர் 35 நாளில் என்னவாக மாறிவிட முடியும்? எனக்கு விளங்கவில்லை.

என் பழைய மாணவி ஒருத்தி சிங்கப்பூரில் இருக்கிறாள். அங்கே ஸ்கில்ஸ்ஃபியூச்சர் என்ற திட்டத்தில் நாற்பது வயதை எட்டிய குடிமக்களுக்கு 2024-இல் 4,000 வெள்ளி படிப்புக் கணக்கில் போட்டார்கள். 2025 முதல், முழுநேரப் படிப்பில் சேர்கிறவருக்கு அவர் முன்பு வாங்கிய சம்பளத்தில் பாதி, மாதம் 3,000 வெள்ளி வரை, இரண்டு வருஷம் வரைக்கும் தருகிறார்களாம். “பாதிச் சம்பளம் வருதுல்ல டீச்சர், அதனால வீட்டுல யாரும் மூஞ்சியக் காட்ட மாட்டாங்க” என்று போனில் சொன்னாள். அவளுக்கு அது கிடைக்காது, அவள் வேலை அனுமதியில் இருப்பவள்.

தம்பி ஊருக்கு வந்துவிட்டார். ஐடியில் இருந்த பிள்ளை பகலில் வீட்டில் இருந்தால் திருவேங்கடத்தில் கேட்காத ஆள் கிடையாது. “ஒர்க் ஃப்ரம் ஹோமா?” என்பார்கள், பதில் தெரிந்துகொண்டே. அந்தக் கேள்விக்குப் பயந்துதான் எங்கள் இன்ஸ்டிடியூட் பின்னறையில் வந்து உட்கார ஆரம்பித்தார். நாஸ்காமும் மத்திய மின்னணு அமைச்சகமும் சேர்ந்து நடத்துகிற ஃபியூச்சர்ஸ்கில்ஸ் பிரைம், அங்கே இங்கே என்று கணக்கில்லாத கோர்ஸ்களில் பதிந்து வைத்திருந்தார். பைதான் பாதி, செலினியம் பாதி, ஏஐ டெஸ்டிங் என்று ஒன்று பாதி. ஐந்து தாவலைத் திறந்துவைத்துக்கொண்டு எதிலும் ஓடாமல் உட்கார்ந்திருந்தார். பயத்தில் படிக்கிறவர்கள் எல்லோரும் இப்படித்தான்.

நான்கை மூடச் சொன்னேன். காலையில் சங்கரன்கோவிலில் ஒரு ஆடிட்டர் ஆபீஸில் மூன்று மணி நேரம் வேலைக்கு ஏற்பாடு செய்தேன். பெரிய காசு இல்லை, ஆனால் அவர் மனைவியிடம் கொடுக்க ஏதோ ஒன்று. மத்தியானத்துக்குமேல் பைதான் மட்டும்.

அவரிடம் என்ன இருக்கிறது என்று பார்க்க ஒருநாள் எங்கள் ஆன்லைன் விண்ணப்ப வேலையையே கொடுத்தேன். ஒரு பயிற்சி நிறுவனத்துக்காக எங்கள் பையன் ஏஐயிடம் கேட்டு எழுதிவைத்திருந்த சின்னச் சேர்க்கைப் படிவம். அதைச் சோதிக்க இருபது சோதனைகளையும் ஏஐயே எழுதித் தந்திருந்தது, எல்லாம் பச்சை, அதாவது பாஸ். தம்பி நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தார். பிறந்த தேதிக்கு பிப்ரவரி 29 போட்டார், போன் எண்ணுக்கு நடுவில் ஓர் இடைவெளி விட்டார். இரண்டையும் தாங்கியது. பிறகு பெயரில் ‘மு’ என்று தலைப்பெழுத்தைப் போட்டுவிட்டுக் குடும்பப்பெயர்க் கட்டத்தைக் காலியாக விட்டார். படிவம் நகர மறுத்தது. “டீச்சர், நம்மூர்ல யாருக்குக் குடும்பப்பேரு இருக்கு? நாளைக்கு வர்ற பிள்ளை எல்லாம் இந்த இடத்துல நிக்கும்” என்றார். ஏஐ எழுதிய இருபது சோதனையில் இது கிடையாது. அடுத்து அப்பா பெயர் கட்டத்துக்குப் போய், அப்பா இல்லாமல் அம்மா வளர்த்த பிள்ளை என்ன செய்யும் என்று கேட்டார். அதிலும் நின்றது.

அந்தச் சோதனைகளை அவரே பைதானில் எழுதட்டும் என்று விட்டேன். எழுதுவதற்கு ஏஐயை உதவிக்கு வைத்துக்கொண்டார், நானும் தடுக்கவில்லை. ஆனால் அது எழுதியதை வரிவரியாக வாய்விட்டு வாசிக்கச் சொன்னேன். எங்கள் சீனியர் பேட்சில் அடித்த தாளை அப்படித்தான் திருத்துவோம். முதல் மாதம் எரிச்சலாக இருந்தது அவருக்கு. சென்னையில் அரை நாளில் முடித்த வேலைக்கு இங்கே ஒரு வாரம். ஒருமுறை “எனக்கு வயசாயிட்டு” என்றார். பக்கத்தில் தமிழ்99 பழகிக்கொண்டிருந்த சீனியர் பாஸ் பிள்ளையின் திரையைக் காட்டினேன். ‘எபட்டி’ என்று நின்றது.

இன்டர்வியூக்கள் வந்தன. கேள்வியை எல்லாம் நன்றாகவே சமாளித்தார். கடைசியில் வந்து முட்டுவது ஒரே இடம்: ஆட்டோமேஷனில் எத்தனை வருஷ அனுபவம்? பழைய பத்து வருஷம் அந்தக் கட்டத்தில் ஏறாது, பின்னறையில் படித்த மாதங்களும் ஏறாது. ‘இடைவெளி’ என்று போட்டுக்கொள்கிறார்கள். வேலைக்கு ஆள் எடுக்கிறவர்கள் படிவத்தையும் தம்பி சோதித்துப் பார்த்திருக்கலாம்.

கடைசியில் கோயம்புத்தூரில் ஒரு சின்னக் கம்பெனி எடுத்துக்கொண்டது. இன்டர்வியூவில் அவர்கள் ஆப்பையே திறந்துகொடுத்து உடைக்கச் சொன்னார்களாம், உடைத்துக் காட்டியிருக்கிறார். பழைய சம்பளத்தில் பாதிக்குக் கொஞ்சம் மேல். ஆறு மாதத்தில் கை ஓடிய பிறகு கூட்டித் தருவோம் என்று வாயால் சொல்லியிருக்கிறார்கள். அதை மெயிலில் எழுதி வாங்கிவிட்டு அப்புறம் வீடு பார்க்கச் சொல்லியிருக்கிறேன்.